பாராமகால் 1792: ஒரு கையெழுத்தும் ஒரு சங்கிலியும்

வகுப்பறையில் எழும் வினாக்களுள் சில, மணியடித்த பின்னும் நம்மை விட்டு அகல்வதில்லை. வரலாற்றுப் பேராசிரியர் விடுப்பில் இருந்த ஒரு பிற்பகல். தமிழ் பயிற்றுவிக்கும் நம்மை அந்த ஒரு மணி நேரத்துக்கு வகுப்பைப் பார்த்துக்கொள்ளும்படி பணித்திருந்தார்கள். பாடநூலைப் புரட்டினோம். 'உலக வரலாற்றின் திருப்புமுனைகள்' என்ற தலைப்பு கண்ணில் பட்டது. 1453இல் கான்ஸ்டாண்டிநோபிள் வீழ்ந்தது, 1492இல் கொலம்பஸ் கடல் கடந்தார், 1789இல் பாஸ்டில் சிறை தகர்ந்தது, 1917இல் ரஷ்யாவில் புரட்சி வெடித்தது என்று வரிசையாகக் கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்தோம். கடைசி வரிசையிலிருந்து ஒரு மாணவர் எழுந்தார். குந்தாரப்பள்ளிப் பக்கத்துக்காரர். "ஐயா, எல்லாம் எங்கேயோதான் திரும்பியிருக்கிறது. நம்ம ஊர்ப் பக்கம் ஒன்றுமே திரும்பவில்லையா?" என்றார்.

வகுப்பு சிரித்தது. நாமும் சிரித்து, "திரும்பாமலா? ஓசூர் போகும் சாலையில் எத்தனை திருப்பங்கள்!" என்று சொல்லித் தப்பித்துக்கொண்டோம். அது விடையாகாது என்பதை அன்றே அறிவோம். அந்தக் கடனைத் தீர்க்கும் முயற்சியே இக்கட்டுரை.

பள்ளியும் ஹள்ளியும்

கிருஷ்ணகிரியிலிருந்து ஓசூர் நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையை அறியாத வாசகர்கள் குறைவு. பெங்களூருக்குச் செல்வோர் அனைவரும் அவ்வழியே கடந்திருப்பர். குன்றுகளும் மாந்தோப்புகளுமாக நிலம் மெல்ல மேலேறும் அவ்வழியில் உள்ளது குந்தாரப்பள்ளி. வெள்ளிக்கிழமை தோறும் கூடும் ஆட்டுச் சந்தையால் பெயர் பெற்ற ஊர். தமிழும் தெலுங்கும் கன்னடமும் உருதும் ஒரே ஆட்டுக்கு ஒரே நேரத்தில் விலை பேசும் காட்சியை அங்கே காணலாம்.

ஊர்ப்பெயரின் ஈற்றைச் சற்றே கவனியுங்கள். எல்லைக்கு இப்பால் 'பள்ளி' என முடியும் ஊர்ப்பெயர்கள், எல்லைக்கு அப்பால் 'ஹள்ளி' என முடிகின்றன. பழங்கன்னடத்துப் பகரம் பிற்காலத்தில் ஹகரமாக மாறியதன் விளைவு இது. சொல் ஒன்றே, ஒலி மட்டும் எல்லை கடக்கையில் உடை மாற்றிக்கொள்கிறது. இத்தகைய நிலத்தில் எல்லை என்பது மக்கள் வகுத்ததாக இருக்க இயலாது. அரசுகள் வகுத்ததாகவே இருக்கும்.

இம்மாவட்டத்தில் நடுகற்கள் மிகுதி என்பதையும் அறிவோம். அவற்றுள் பல, ஆநிரை கவர்ந்த பூசலிலும் அதனை மீட்ட பூசலிலும் பட்ட வீரர்க்கு எடுக்கப்பட்டவை. தொல்காப்பியம் வெட்சித்திணையில் வைத்துப் பேசும் வாழ்க்கை, இம்மண்ணில் கல்லாகவே நின்றுகொண்டிருக்கிறது. அக்காலத்தில் செல்வம் என்பது நடமாடும் பொருள். 'மாடு' என்ற சொல்லே செல்வத்தைக் குறித்தது. அச்செல்வம் நடமாடா நிலத்துக்கும், நிலத்திலிருந்து ஒரு தாளுக்கும் எப்போது பெயர்ந்தது? நம் மாணவரின் வினாவுக்கான விடை இங்கேதான் இருக்கிறது.

யார்க்டவுனில் தொடங்கிய கதை

கிருஷ்ணகிரியைச் சூழ்ந்த நாட்டுக்குப் பாராமகால் என்று பெயர். பன்னிரண்டு கோட்டைகளால் வந்த பெயர் என்பது மரபு. அப்பன்னிரண்டு எவை என்பதில் பட்டியலுக்குப் பட்டியல் வேறுபாடு உண்டு. 18ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அது ஹைதர் அலியின் கைக்கு வந்தது. மைசூர்ப் பீடபூமியிலிருந்து தமிழ்ச் சமவெளிக்கு இறங்கும் கணவாய்கள் இங்கே உள்ளன. ஆகவே பாராமகாலை வைத்திருப்பவர் கையில் ஒரு கதவின் தாழ்ப்பாள் இருந்தது. 1767இல் தொடங்கிய முதல் மைசூர்ப் போரிலேயே ஆங்கிலேயர் கிருஷ்ணகிரிக் கோட்டையைக் குறிவைத்தனர். 1769இல் ஹைதர் சென்னையின் வாயிலுக்கே வந்து நின்று உடன்படிக்கை செய்துகொண்டபோது, பிடித்த இடங்களை இரு தரப்பும் திருப்பித் தந்தன. தாழ்ப்பாள் மைசூரிடமே இருந்தது.

இனிக் கதை கடல் கடக்கிறது. 1781 அக்டோபர் 19 அன்று அமெரிக்காவில் யார்க்டவுன் என்னுமிடத்தில் ஓர் ஆங்கிலேயப் படை வாஷிங்டனிடமும் பிரெஞ்சுக்காரரிடமும் சரணடைந்தது. பதின்மூன்று குடியேற்றங்களையும் பிரிட்டன் இழப்பதை உறுதிசெய்த தோல்வி அது. தோற்ற தளபதியின் பெயர் காரன்வாலிஸ். ஐந்தாண்டுகளில், 1786இல், அவரே இந்தியாவின் தலைமை ஆளுநராக வந்து இறங்கினார். மேற்கே இழந்ததைக் கிழக்கே ஈட்ட வேண்டிய நெருக்கடி அவருடைய நாட்டுக்கும் இருந்தது, அவருக்கும் இருந்தது.

மறுபக்கம் திப்பு சுல்தான். அவர் அனுப்பிய தூதர்களை 1788 ஆகஸ்டில் பதினாறாம் லூயி வெர்சேல்ஸ் அரண்மனையில் வரவேற்றார். உபசாரம் கிடைத்தது; படை கிடைக்கவில்லை. அடுத்த ஆண்டு பாஸ்டில் வீழ்ந்தது. 1789 டிசம்பர் இறுதியில் திப்பு திருவிதாங்கூரின் அரண்களைத் தாக்கினார். மூன்றாம் மைசூர்ப் போர் மூண்டது. ஆங்கிலேயரும் மராட்டியரும் நிஜாமும் ஒரு கூட்டாயினர். பிரான்சோ தன் வீட்டுத் தீயை அணைப்பதிலேயே மூழ்கியிருந்தது. பாடநூலில் 1789க்கு எதிரே 'பிரெஞ்சுப் புரட்சி' என்று எழுதி அடிக்கோடு இடுகிறோம். அப்புரட்சியின் அதிர்வுகளுள் ஒன்று நம் மாங்காட்டுக் குன்றுகள் வரை வந்து சேர்ந்தது என்பதைச் சொல்ல மறந்துவிடுகிறோம்.

1791 ஜூலையில் ஓசூரும் இராயக்கோட்டையும் ஆங்கிலேயர் வசமாயின. நவம்பரில் மேக்ஸ்வெல் என்னும் தளபதி கிருஷ்ணகிரியைத் தாக்கினார். அடிவாரத்துப் பேட்டை வீழ்ந்தது. மலை உச்சியிலிருந்து உருட்டப்பட்ட பாறைகளின் முன் படை ஏற இயலாமல் திரும்பியது. மேற்கோட்டை வீழவில்லை.

ஆயினும் நான்கு மாதங்களில் அக்கோட்டை ஆங்கிலேயருடையதாயிற்று. 1792 மார்ச் 18 அன்று முடிவான சீரங்கப்பட்டண உடன்படிக்கையில் திப்பு தம் நாட்டில் பாதியை விட்டுக்கொடுத்தார். 3 கோடியே 30 லட்சம் ரூபாய் இழப்பீடு தருவதாக ஒப்புக்கொண்டார்; பிணையாகத் தம் மைந்தர் இருவரை, அப்துல் காலிக், மொய்சுதீன் என்னும் சிறுவர்களை, காரன்வாலிஸிடம் அனுப்பினார். மலபார், திண்டுக்கல் ஆகியவற்றோடு பாராமகாலும் கும்பினிக்கு வந்தது. பாறைக்கும் பீரங்கிக்கும் பணியாத கோட்டை ஒரு கையெழுத்துக்குப் பணிந்தது.

ஓசூரைச் சூழ்ந்த மேட்டுநிலம் மட்டும் மேலும் ஏழாண்டுகள் மைசூரிடம் இருந்தது. கிருஷ்ணகிரிக்கும் ஓசூருக்கும் இடைப்பட்ட இக்குன்றுகளினூடே இரண்டு அரசுகளின் எல்லை ஓடிய காலம் அது. 1799 மார்ச்சில் ஜெனரல் ஹாரிஸின் படை இராயக்கோட்டை வழியே எல்லை கடந்தது. பின்னாளில் வாட்டர்லூவில் நெப்போலியனை வெல்லப்போகும் ஆர்தர் வெல்லெஸ்லியும் அப்படையில் ஒருவர். மே 4 அன்று சீரங்கப்பட்டணம் வீழ்ந்து திப்பு மாண்டார். ஓசூரும் கும்பினியிடம் வந்தது.

சங்கிலியோடு வந்த சிப்பாய்கள்

இதுவரை சொன்னது போர்க்கதை. திருப்புமுனை இதுவே என்று முடித்துவிட்டால் நாம் பாடநூல் வழியிலேயே நடந்தவராவோம். கோட்டைகள் கைமாறுவது பாராமகாலுக்குப் புதிதன்று. பல்லவர், கங்கர், நுளம்பர், சோழர், ஹொய்சளர், விசயநகரத்தார் எனக் கொடிகள் மாறிக்கொண்டே இருந்தன; உழுபவர் உழுதுகொண்டே இருந்தனர். 1792க்குப் பின் வந்த மாற்றமோ உழுபவரின் வரப்புக்குள்ளேயே இறங்கியது.

புதிய நாட்டை நிர்வகிக்கக் காரன்வாலிஸ் சென்னையின் சிவில் அதிகாரிகளை நம்பவில்லை. நாட்டுமொழி அறியாமல் துபாஷிகளின் கையை எதிர்பார்த்திருந்தவர்கள் அவர்கள். எனவே அவர் படைவீரர்களைத் தேர்ந்தார். போர்க்காலத்தில் ஆம்பூரிலிருந்து உளவுப் பணியை நடத்திய கேப்டன் அலெக்சாண்டர் ரீட் ஆட்சியராக அமர்த்தப்பட்டார். அவருக்குத் துணை மன்றோ, கிரஹாம், மக்லவுட் என்னும் மூவர். தருமபுரிப் பகுதியைப் பார்த்துக்கொண்ட அந்தத் தாமஸ் மன்றோதான் 1820இல் சென்னை மாகாணத்தின் ஆளுநரானவர். சென்னைத் தீவுத்திடலருகே இன்றும் குதிரைமேல் சேணமின்றி அமர்ந்திருப்பவர்.

அப்போது அவர்கள் முன் எழுந்த வினா எளியது: வரியை யாரிடம் வாங்குவது? வங்காளத்தில் 1793இல் காரன்வாலிஸ் ஜமீன்தார்களை நிலத்தின் உரிமையாளர்களாக்கி, அவர்கள் செலுத்தவேண்டிய தொகையை என்றென்றைக்குமாக நிலைநிறுத்தினார். பாராமகாலில் அத்தகைய பெருநிலக்கிழார்கள் மிகுதியாக இல்லை. பாளையக்காரர்களை ஒடுக்கித் தம் அமில்தார்கள் வழியே வரி வாங்கும் முறையை ஹைதரும் திப்புவும் முன்பே வளர்த்திருந்தனர். ரீட் முதலில் நெடுங்காலக் குத்தகையையே எண்ணினார். போகப் போக, ஒவ்வொரு குடியானவரோடும் ஒவ்வொரு வயலுக்கும் அரசே நேரே கணக்கு வைத்துக்கொள்ளும் முறைக்கு வந்து சேர்ந்தார். குடியானவர் விரும்பினால் ஆண்டுதோறும் நிலத்தைக் கூட்டியோ குறைத்தோ கொள்ளலாம் என்று 1796இல் அறிவித்தார். 'ரயத்து' என்றால் குடியானவர். ரயத்துவாரி முறை பிறந்த கதை இதுதான்.

இதற்கு வயல்களை அளந்தாக வேண்டும். அளப்பவர்கள் ஊர் ஊராகச் சங்கிலியோடு சென்றார்கள். அச்சங்கிலியின் தடம் இன்றும் நம் பேச்சில் இருக்கிறது. ஆங்கிலேய நில அளவைச் சங்கிலி 66 அடி. அதன் பாதியாகிய 33 அடியைப் பக்கமாகக் கொண்ட சதுரம் 1,089 சதுர அடி. அத்தகைய 40 சதுரங்கள் ஓர் ஏக்கர். கர்நாடகத்தில் இன்றும் நிலத்தைப் பேசும் 'குண்டா' அதுவே. நாமோ ஏக்கரை நூறாகப் பகுத்து 435.6 சதுர அடியைச் 'சென்ட்' என்கிறோம். எல்லைப்புறத்தில் நிலத் தரகர் இரண்டையும் மனக்கணக்காக மாற்றிச் சொல்வதைக் கேட்டிருப்பீர்கள். இரண்டும் ஒரே சங்கிலியின் பிள்ளைகள்.

இது புதியதா?

வாசகர்களுள் சிலர் இங்கே குறுக்கிடக்கூடும். முதலாம் இராசராசன் காலத்திலேயே நிலம் மிக நுண்ணிதாக அளக்கப்பட்டதே, உலகளந்த கோல் என்று கோலுக்கே பெயரிட்டவர்கள் அல்லவா நாம் என்பீர்கள். உண்மை. அளவை புதிதன்று, அரசு வரி வாங்குவதும் புதிதன்று. ஆனால் பழைய முறைகளில் அரசுக்கும் வயலுக்கும் இடையே ஊர் என்ற ஒன்று நின்றது. சபையோ ஊராரோ தலைவரோ மொத்தத்துக்குப் பொறுப்பேற்றனர். யார் எவ்வளவு தருவது, மழை பொய்த்தால் யாருக்கு எவ்வளவு தள்ளுவது என்பன பெரிதும் ஊருக்குள் பேசி முடிக்கப்பட்டன. அப்பேச்சில் நீதியும் இருந்திருக்கும், வலியவரின் ஆதிக்கமும் இருந்திருக்கும். பழமையைப் பொற்காலமாக்குவது நம் நோக்கமன்று. ரீட்டின் ஏட்டில் ஊரைத் தாண்டி ஒரு வயல், ஒரு பெயர், ஒரு தொகை என்று மூன்றும் ஒரே வரியில் கட்டப்பட்டன. மாற்றம் அங்கேதான் நிகழ்ந்தது.

உலகின் பிற பகுதிகளிலும் அதே தலைமுறையில் இதையொத்த மாற்றம் நடந்துகொண்டிருந்தது. இங்கிலாந்தில் ஊர்ப் பொதுமேய்ச்சல் நிலங்கள் வேலியிடப்பட்டுத் தனியுடைமையாயின. அதற்கான பொதுச்சட்டம் 1801இல் வந்தது. பிரான்சில் 1807இல் நெப்போலியன் நாடு முழுவதையும் துண்டு துண்டாக அளந்து உடையவர் பெயரோடு வரையப் பணித்தார். புரட்சி செய்தவர்களும் புரட்சியை எதிர்த்தவர்களும் இந்த ஒரு செயலில் ஒன்றுபட்டார்கள். பாராமகால் அப்பெருமாற்றத்தின் தொடக்கக் களங்களுள் ஒன்று என்றே சொல்ல வேண்டும்.

வேடிக்கை என்னவெனில், தொட்டிலிலிருந்து குழந்தையையே தூக்கி எறிந்தார்கள். வங்காள முறையே உயர்ந்தது என்ற மேலிடத்துக் கருத்தால், 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சேலம், பாராமகால் நிலங்கள் 'மிட்டா'க்களாகக் கூறுபோடப்பட்டு ஏலம் விடப்பட்டன. மிட்டாதாரர் பலர் கட்ட இயலாமல் கவிழ்ந்தனர். நிலங்கள் பல அரசிடமே மீண்டன. மன்றோ தம் வாதத்தை விடவில்லை. அவர் ஆளுநரான 1820 தொட்டு ரயத்துவாரியே மாகாணத்தின் பொதுமுறையாயிற்று. பின்னர் பம்பாய் மாகாணத்துக்கும் பரவியது. எஞ்சிய மிட்டாக்களும் ஜமீன்களும் 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் ஒழிந்தன. அச்சட்டத்தின் பெயரே 'எஸ்டேட்டுகளை ஒழித்து ரயத்துவாரியாக மாற்றும் சட்டம்'. விடுதலை பெற்ற நாடு தன் நிலச்சீர்திருத்தத்துக்கு ரீட்டின் சொல்லையே சூட்டியது.

பெயர் உள்ளவரும் இல்லாதவரும்

இத்திருப்பம் நன்மையா தீமையா? ஒரு சொல்லில் விடை தர இயலாது. இடைத்தரகர் இன்றி அரசின் முன் தன் பெயரோடு நிற்கும் தகுதி குடியானவருக்குக் கிடைத்தது. நிலத்தை விற்கவும் அடகு வைக்கவும் பிள்ளைகளுக்குப் பகிரவும் தாள் ஒன்று வந்தது. ஊர்ப்பெரியவரின் தயவு குறைந்தது.

விலையும் பெரிதே. வரி கடுமையாக இருந்தது. அதை நான்கில் ஒரு பங்கு குறைக்க வேண்டும் என்று மன்றோவே 1807இல் எழுதினார். உடனே செவிசாய்ப்பார் இல்லை. வரி தண்டுவதற்காகக் குடியானவர்கள் வதைக்கப்பட்டதை 1855ஆம் ஆண்டுச் சென்னைச் சித்திரவதை ஆணையத்தின் அறிக்கையே பதிவு செய்தது. அடகு வைக்கத் தாள் கிடைத்ததால் கடனும் வளர்ந்தது. 1876 முதல் 1878 வரை நீடித்த தாது வருடப் பஞ்சத்தில் சேலம் மாவட்டம் கடுமையாக அடிபட்டது.

அனைத்தினும் பெரிய விலை, ஏட்டில் ஏறாதவர்கள் தந்தது. சங்கிலி வரப்பை அளந்தது; வரப்புக்குள் நின்று உழைத்தவர் யார் என்பதை அது கேட்கவில்லை. பண்ணையாள், வாரக்குடி, ஆடு மேய்ப்பவர் எவர்க்கும் அவ்வேட்டில் ஒரு வரி கிடையாது. ஒருவர் பெயரிலும் அடங்காத மேய்ச்சலும் காடும் களமும் 'புறம்போக்கு' ஆகி அரசின் கணக்கில் சேர்ந்தன. ஒடுக்கப்பட்டோர்க்குத் தனியே நிலம் ஒதுக்க வேண்டும் என்று அரசு ஆணையிட 1892 வரை, அதாவது முழுதாக நூறாண்டுகள், காத்திருக்க நேர்ந்தது. அப்பஞ்சமி நிலங்களை மீட்கும் போராட்டம் இன்றும் முடியவில்லை.

ஒரு தாளில் பல பேரரசுகள்

இலக்கிய மாணவர்க்கு நாம் ஒரு பயிற்சி தருவதுண்டு. வீட்டிலுள்ள நில ஆவணங்களை எடுத்து, சொற்களின் பிறப்பைத் தேடுங்கள் என்போம். ஏக்கர் ஆங்கிலத்தது. ஜமாபந்தி பாரசீக வழி வந்தது. கிஸ்தி, தாசில் என்பவற்றின் வேர் அரபியில் உள்ளது. புறம்போக்கு நம்முடையது. ஆண்டைக் குறிக்கும் 'பசலி'யோ முகலாயர் வழி வந்த அறுவடை ஆண்டு. ஆங்கில ஆண்டிலிருந்து 590ஐக் கழித்தால் கிடைப்பது. 2025 ஜூலையில் பசலி 1435 தொடங்கியது. பரம்பரைக் கர்ணமும் மணியக்காரரும் 1980 நவம்பரில் நீக்கப்பட்டு, கிராம நிர்வாக அலுவலர் வந்தார். ஏடு போய்க் கணினி வந்தது. வயல், பெயர், தொகை என்ற கட்டு மட்டும் அவிழவில்லை.

1970களில் ஓசூரில் தொழிற்பேட்டை எழுந்தது. அது தொட்டு நெடுஞ்சாலையின் இருமருங்கும் புஞ்சைகள் ஆலைகளாகி வருகின்றன. வேலை வந்தது, படிப்பு வந்தது. நம் கல்லூரிக்கு மாணவர் வருவதும் அவ்வளர்ச்சியால்தான். அதை மறுத்துப் பேசுவது நன்றி மறத்தலாகும். எனினும் ஒவ்வொரு நிலமெடுப்பிலும் ரீட்டின் பழைய வினாவே மீண்டும் கேட்கப்படுகிறது: ஏட்டில் யார் பெயர்?

வினா எழுப்பிய மாணவர் சில மாதங்கள் கழித்துத் தம் வீட்டுக் கதையைச் சொன்னார். அவருடைய தாத்தா ஒரு புஞ்சையை நாற்பது ஆண்டுகள் வாரத்துக்கு உழுதவர். கேழ்வரகும் அவரையும் விளைந்த நிலம். அந்நிலம் ஓர் ஆலைக்கென எடுக்கப்பட்டபோது இழப்பீடு பட்டாவில் பெயருள்ள குடும்பத்துக்குச் சென்றது. சட்டப்படி அதில் பிழையில்லை. அக்குடும்பத்தாரும் கெட்டவர்கள் அல்லர். தாத்தாவுக்கு ஏதோ கொஞ்சம் தந்தார்கள். அந்தப் பணத்தில் தாத்தா ஆறு ஆடுகள் வாங்கினார். மேய்ச்சல் புறம்போக்கும் சுருங்கவே, இரண்டாண்டுகளில் அவற்றைக் குந்தாரப்பள்ளிச் சந்தையில் விற்றுவிட்டார்.

"இதுதான் ஐயா எங்க ஊர்த் திருப்பமா?" என்று மாணவர் கேட்டார். இம்முறை நாம் சிரிக்கவில்லை. ஆம், 1792இல் தொடங்கிய திருப்பம், இன்னும் திரும்பி முடியவில்லை என்றோம்.

சென்ற மாதம் ஒரு வெள்ளிக்கிழமை விடியலில் அவரோடு சந்தைக்குச் சென்றிருந்தோம். முதியவர் இருவர் துண்டைக் கையின் மேல் போட்டு, அதனுள் விரல்களால் விலை பேசிக்கொண்டிருந்தனர். தாள் இல்லை, கையெழுத்து இல்லை. ஒருவர் தலையசைத்தார், ஆடு கைமாறியது. மாடு என்றால் செல்வம் என்றிருந்த காலத்தின் மிச்சம் அது. அவ்விருவருள் ஒருவரைச் சுட்டி, "அவர்தான் எங்கள் தாத்தா. இப்போது பிறருக்காக ஆடு பேசிக் கொடுக்கிறார்" என்றார் மாணவர்.

அவர் இப்போது நில அளவைப் பணித் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கிறார். சங்கிலியைக் கையில் எடுக்கும்போது வரப்புக்குள் நிற்பவரையும் ஒருமுறை நிமிர்ந்து பார்க்க வேண்டும் என்று மட்டும் கேட்டுக்கொண்டோம். வாசகர்களும் தத்தம் வீட்டுப் பழைய பட்டாவை ஒருமுறை எடுத்துப் பாருங்கள். அதில் உள்ள பெயரோடு, அதில் இல்லாத பெயர்களையும் தேடிப் பாருங்கள்.